பெரும் பாரமும் முன்செல்லும் வண்டியும்

நெடுஞ்சாலையிற் செல்லும் வண்டி இவ்வளவு அகலமாகவும் இவ்வளவு உயரமாகவும் இருக்கலாம் என்று ஒவ்வொரு நாட்டுச் சட்டமும் ஓர் எல்லை வகுத்திருக்கிறது. பாதைகளும் பாலங்களும் அந்த எல்லையை மனத்திற்கொண்டே கட்டப்படுகின்றன. ஆனால் உலகத்துப் பொருள்கள் எல்லாம் சட்டத்தின் எல்லைக்குள் அடங்கி நிற்பனவல்ல. மின்நிலையத்துக்குச் செல்லும் பெரிய மின்மாற்றியைப் பாதியாக வெட்டி இரண்டு லொறிகளில் ஏற்ற முடியாது. காற்றாலையின் இறக்கை பெரும்பாலும் ஒரே நீளமாக வார்க்கப்படுவது. அதனை மடித்துக் கொண்டுபோக வழியில்லை. இவ்வாறு பிரிக்கவொண்ணாத பொருள்களுக்காகவே சட்டம் தன் எல்லையைச் சற்றுத் தளர்த்தி, அனுமதிப் பத்திரம் ஒன்றை வழங்குகிறது. தளர்த்திய எல்லைக்கு ஈடாக அது கேட்கும் பிணைகளுள் முதன்மையானது, அந்த லொறிக்கு முன்னும் பின்னும் செல்லும் சிறு வண்டிகள்.

இவ்வண்டிகளைக் காண்பவர்கள் அவை ஏதோ மரியாதைக்காகச் செல்வன என்று எண்ணுவதுண்டு. பெரியதொரு பாரம் வருகிறது, விலகி நில்லுங்கள் என்று கட்டியம் கூறுவதே அவற்றின் தொழில் என்பது பலருடைய கருத்து. கட்டியம் கூறுவதும் அவற்றின் கடமைதான். ஆனால் அது பாதிக் கடமை. தேரோடும் வீதியில் வடம் பிடிப்போர் நூற்றுக்கணக்கானோர் இருந்தாலும், சில்லின் அருகே முட்டுக்கட்டையுடன் நடப்பவரை நம்பியே தேர் நகர்கிறது என்பதை நேயர்கள் அறிவார்கள். அவர் ஊருக்காக அல்ல, தேருக்காக நடக்கிறார். பெரும் பாரத்துக்கு முன்னால் ஓடும் சிறு வண்டியும் அத்தகையதே. எதிரில் வருவோரை எச்சரிப்பதோடு, பின்னால் வரும் லொறிச் சாரதிக்கு அது கண்ணாகவும் இருக்க வேண்டும். இந்த இரண்டாவது கடமை தவறும்போது நேரக்கூடியது என்ன என்பதற்கு, 2013ஆம் ஆண்டில் ஐக்கிய அமெரிக்காவில் ஆற்றுக்குள் வீழ்ந்த ஒரு பாலம் சான்றாக இருக்கிறது. அந்தக் கதைக்குப் போகுமுன் விதிகளைச் சிறிது பார்க்கலாம்.

இயந்திர வண்டிக்கு முன்னே ஆள் செல்ல வேண்டும் என்ற விதி மிகப் பழையது. 1865ஆம் ஆண்டில் பிரித்தானியப் பாராளுமன்றம் இயற்றிய சட்டம் ஒன்றின்படி, சாலையிற் செல்லும் நீராவி இயந்திரத்துக்கு 60 யார் முன்னதாக ஒருவர் செங்கொடி ஏந்தி நடக்க வேண்டும். இயந்திரத்தின் வேகம் நாட்டுப்புறத்தில் மணிக்கு 4 மைலையும், ஊர்களுக்குள் 2 மைலையும் தாண்டலாகாது. குதிரை வண்டிகள் நிறைந்திருந்த அக்காலத்துச் சாலைகளிலே, மிரளும் குதிரையைப் பிடித்துக்கொள்ளச் சற்று நேரம் கொடுப்பதும் அவ்விதியின் நோக்கம். 1896இல் இந்தக் கட்டுப்பாடுகள் இலேசான மோட்டார் வண்டிகளை விட்டு நீங்கின. மோட்டார் வண்டியின் வளர்ச்சிக்குத் தடையாக நின்ற மூடச் சட்டம் என்று இன்று அதனை நகைப்பார்கள். ஆயினும் ஒரு கணக்கைப் போட்டுப் பார்த்தால் நகைப்பு சற்று அடங்கும். மணிக்கு 4 மைல் வேகத்தில் வரும் இயந்திரம் 60 யாரைக் கடக்க அரை நிமிடம் ஆகும். அதாவது, கொடி பிடித்தவர் ஓர் இடையூற்றைக் கண்ட இடத்துக்கு இயந்திரம் வந்து சேர்வதற்குள், அதன் சாரதிக்கு முப்பது விநாடிகள் இருந்தன. இந்த முப்பது விநாடிகளை நேயர்கள் நினைவில் வைத்திருப்பது நல்லது.

இக்காலத்து விதிகள் நாட்டுக்கு நாடு வேறுபடும். ஐக்கிய அமெரிக்காவிலோ மாநிலத்துக்கு மாநிலம் வேறுபடும். நான்கு மாநிலங்களைக் கடந்து செல்லும் லொறி நான்கு அனுமதிப் பத்திரங்களைப் பெற வேண்டும். ஒரு மாநிலத்தில் ஒரு துணைவண்டி போதுமென்றிருக்க, எல்லையைத் தாண்டியதும் இரண்டு வேண்டும் என்றிருக்கலாம். எடுத்துக்காட்டாக, அந்நாட்டின் வடமேற்கு மூலையில் உள்ள வாஷிங்டன் மாநிலத்தை எடுத்துக்கொள்ளலாம். அங்கே அனுமதியின்றிச் செல்லக்கூடிய அகலம் எட்டரை அடி. உயரம் 14 அடி. பாரத்தின் அகலம் 11 அடியைத் தாண்டினால், இருவழிப் போக்குவரத்து நடைபெறும் ஒடுங்கிய சாலைகளில் முன்னே ஒரு வண்டியும் பின்னே ஒரு வண்டியும் செல்ல வேண்டும். ஒரே திசையிற் பல தடங்கள் உள்ள அகன்ற நெடுஞ்சாலையிலோ, அகலம் 14 அடியைத் தாண்டும் வரை அகலத்தின் பொருட்டுத் துணைவண்டி தேவையில்லை. தாண்டினாலும் ஒன்றே போதும். அந்த ஒன்றும் முன்னே அல்ல, பின்னே செல்ல வேண்டும்.

இது முதலில் விந்தையாகத் தோன்றும். ஆனால் விதி வகுத்தவர்கள், ஆபத்து எத்திசையிலிருந்து வருகிறது என்று பார்த்தே வண்டியை நிறுத்தியிருக்கிறார்கள். ஒடுங்கிய சாலையில் எதிரே வருபவன் வளைவிலே திரும்பியதும், தன் பாதியையும் பிடித்துக்கொண்டு நிற்கும் பாரத்தைக் காண்கிறான். அவனுக்கு முன்னறிவிப்பு வேண்டும். அகன்ற நெடுஞ்சாலையில் எதிர்த்திசை வண்டிகள் நடுத்திட்டுக்கு அப்பால் ஓடுகின்றன. அங்கே ஆபத்து பின்னாலிருந்து விரைந்து வருபவனால் நேர்வது. ஆதலால் பின்வண்டி அவனுக்கு எச்சரிக்கை விளக்காக ஓடுகிறது. லொறி தடம் மாற வேண்டிய வேளையிலே, பின்வண்டி முதலில் அடுத்த தடத்துக்குள் நுழைந்து அதனை அடைத்துக்கொண்டு, இப்போது வரலாம் என்று வானொலிக் கருவி மூலம் சொல்லும். நீண்ட பாரத்தின் பின்புறத்தைத் தன் கண்ணாடியிற் காண இயலாத சாரதிக்கு அந்தச் சொல்லே கண்.

இவ்வண்டிகள் தாங்க வேண்டிய அடையாளங்களை விரிவாகச் சொல்ல வேண்டியதில்லை. மஞ்சட் பலகையிற் கறுப்பு எழுத்துகளால் அளவு மீறிய சுமை என்ற அறிவிப்பு, கூரைமேல் சுழன்று மின்னும் மஞ்சள் விளக்கு, செங்கொடி, தீயணைப்புக் கருவி, லொறிச் சாரதியோடு பேசுவதற்கு இருவழி வானொலிக் கருவி ஆகியவை முக்கியமானவை. வாஷிங்டன் மாநிலத்தில் இவ்வண்டியை ஓட்டுபவர் அதற்கென்று பயிற்சி பெற்று, சான்றிதழும் பெற்றிருக்க வேண்டும். ஒன்றை மாத்திரம் சொல்லாமல் விடலாகாது. பெரிய பிரித்தானியாவிலே, முன்னர் பொலிசாரே செய்துவந்த இவ்வேலையின் பெரும்பகுதி இப்போது தனியார் துணைவண்டிகளிடம் விடப்பட்டிருக்கிறது. அவற்றின் சாரதிகளுக்கோ மற்ற வண்டிகளை நிறுத்தும் அதிகாரம் இல்லை. மின்னும் விளக்கைக் கண்டு மக்கள் தாமாக ஒதுங்கினால் உண்டு. ஒதுங்க மறுப்பவனை அவர்களால் ஒன்றும் செய்ய முடியாது. அதிகாரம் இல்லாத காவலாளிகள் என்று அவர்களைக் கூறலாம்.

அகலத்திலும் நீளத்திலும் உள்ள ஆபத்து கண்ணுக்குத் தெரிவது. உயரத்தின் ஆபத்து அத்தகையதன்று. தன் ஆசனத்திலிருந்து மேலே பார்க்கும் சாரதிக்கு, எதிரே வரும் பாலத்துக்கும் தன் பாரத்தின் உச்சிக்கும் இடையே ஓர் அடி இருக்கிறதா, ஓர் அங்குலம் இருக்கிறதா என்று மதிப்பிடுவது அரிது. ஆகவே உயரத்துக்கென்று தனியானதொரு விதி இருக்கிறது. வாஷிங்டன் மாநிலத்தில் பாரம் 14 அடி 6 அங்குலத்தைத் தாண்டியதாயின், முன்னே செல்லும் வண்டியின் முகப்பில் ஓர் உயரக்கோல் நாட்டப்பட வேண்டும். கோலின் நுனி, பாரத்தின் உச்சியை விட மூன்று அங்குலத்துக்குக் குறையாமலும் ஆறு அங்குலத்துக்கு மேற்படாமலும் உயர்ந்திருக்க வேண்டும். கோல் தடையின்றிச் சென்ற வழியிலே பாரமும் செல்லும். கோல் எதிலேனும் தட்டினால் பாரம் நிற்க வேண்டும். எவ்வளவு எளிய ஏற்பாடு! குருடன் கைக்கோலுக்கும் இதற்கும் வேறுபாடு இல்லை.

ஆனால் கைக்கோலின் குறைகளும் இதற்கு உண்டு. கோல் அளப்பது ஒரே ஒரு கோட்டை. பாரமோ பன்னிரண்டு அடி அகலத்தை அடைத்துக்கொண்டு வருகிறது. பாலத்தின் மேற்சட்டம் மட்டமாக இருந்தால் இதனால் கேடில்லை. அது வளைவாக இருந்தால், கோல் வளைவின் உயர்ந்த பகுதிக்குக் கீழே தப்பிச் செல்ல, பாரத்தின் மூலை தாழ்ந்த பகுதியில் மோதும். அன்றியும் கோல் வளையும் தன்மையுள்ள பொருளாற் செய்யப்படுவது. வேகத்தில் எழும் காற்று அதனைப் பின்புறமாகச் சாய்க்கும்; சாய்ந்த கோல் தன் உண்மையான உயரத்தைக் காட்டாது. இவற்றையெல்லாம் அறிந்தவர்கள், பயணத்துக்கு முன்னரே வழி முழுவதையும் ஒருமுறை ஓட்டிப் பார்த்து, ஒவ்வொரு பாலத்தையும் அளந்து, எந்தத் தடத்திற் செல்வது என்று குறித்துக்கொள்வார்கள். கோல் என்பது கடைசிக் காவல். முதற் காவல் அந்தக் குறிப்புப் புத்தகம்.

சியாற்றில் நகரத்துக்கு வடக்கே ஏறத்தாழ 60 மைல் தூரத்தில், ஸ்காஜிட் என்னும் ஆறு ஓடுகிறது. கனடா எல்லையிலிருந்து தெற்கே செல்லும் ஐந்தாம் இலக்க நெடுஞ்சாலை, மவுண்ட் வேர்ணன், பேர்லிங்டன் என்ற இரண்டு ஊர்களுக்கு இடையே இந்த ஆற்றைக் கடக்கிறது. அங்கிருந்த பாலம் 1955ஆம் ஆண்டிற் கட்டப்பட்டது. நாளொன்றுக்கு எழுபதினாயிரத்துக்கு மேற்பட்ட வண்டிகள் அதனைக் கடந்துவந்தன. இருபுறமும் உருக்குச் சட்டகங்கள் எழுந்து நிற்க, அவற்றை மேலே குறுக்குச் சட்டங்கள் இணைக்க, வண்டிகள் கூண்டுக்குள் நுழைவது போல அதனுள் நுழைந்து செல்லும். அந்தக் குறுக்குச் சட்டங்கள் வளைவானவை. நடுவிலே 17 அடிக்கு மேல் இடம் இருந்தது. சாலையின் ஓரத்திலோ 15 அடிக்கும் குறைவு. இத்தகைய பாலத்துக்கு இன்னொரு இயல்பும் உண்டு. முக்கியமான உறுப்புகளில் ஒன்று முறிந்தால், அதன் சுமையைத் தாங்கிக்கொள்ள வேறு உறுப்பு இல்லை; அந்தக் கண் முழுவதும் சரிந்துவிடும். பாலம் உளுத்துப் போயிருந்தது என்று இதற்குப் பொருள் அல்ல. அக்காலத்திற் பாலங்கள் அவ்வாறு கட்டப்பட்டன.

2013ஆம் ஆண்டு மே மாதம் 23ஆம் தேதி மாலை ஏழு மணியளவில், கனடாவின் அல்பேர்ட்டா மாகாணத்திலிருந்து வந்த லொறி ஒன்று, தென்திசை நோக்கி அப்பாலத்தை நெருங்கியது. துளையிடும் இயந்திரத் தொகுதியின் பகுதியாகிய உருக்குக் கூடு ஒன்று அதில் ஏற்றப்பட்டிருந்தது. அனுமதிப் பத்திரம் இருந்தது. அதிலே பாரத்தின் உயரம் 15 அடி 9 அங்குலம் என்று எழுதப்பட்டிருந்தது. முன்னே வழிகாட்டு வண்டியும் இருந்தது. அதன் கோல் 16 அடி 2 அங்குல உயரத்தில் நாட்டப்பட்டிருந்தது. ஆக, எழுத்தளவில் யாவும் ஒழுங்காகவே இருந்தன என்று கூறத் தோன்றும்.

அமெரிக்காவில் வண்டிகள் சாலையின் வலப்பக்கமாகச் செல்வன. ஆகவே மெதுவாகச் செல்லும் லொறிகளுக்கு உரிய தடம் வலப்புற ஓரத்தில் இருக்கிறது. வளைந்த சட்டங்கள் மிகத் தாழ்ந்து வரும் இடமும் அதுவே. பாலத்தை அடையும் வேளையில் இன்னொரு லொறி இடப்புறத்தில் நெருங்கி வந்தமையால், தான் மேலும் வலப்பக்கம் ஒதுங்க நேர்ந்தது என்று சாரதி பின்னர் கூறினார். பாரத்தின் வல மூலை முதலாவது சட்டத்திலும் அதனையடுத்த பல சட்டங்களிலும் மோதியது. லொறி எப்படியோ பாலத்தைக் கடந்து அப்பால் நின்றது. அதன் பின்னால் பாலத்தின் வடக்கே இருந்த 160 அடிக் கண் ஆற்றினுள் சரிந்தது. இரண்டு வண்டிகள் அதனோடு நீரில் வீழ்ந்தன. அவற்றில் இருந்த மூவர் காயங்களுடன் மீட்கப்பட்டனர். எழுபதினாயிரம் வண்டிகள் ஓடும் பாலத்தில் ஓர் உயிரும் போகவில்லை என்பது, மனித முயற்சியால் வந்த பயன் அன்று.

லொறிக்கு முன்னே சென்ற கோல் என்ன செய்தது? பாலத்தைக் கடந்தபோது கோல் எதிலும் தட்டவில்லை என்றார் வழிகாட்டு வண்டியின் சாரதி. அது பலமுறை தட்டியதைத் தன் கண்ணாற் கண்டதாகச் சாட்சி ஒருவர் கூறினார். அவ்வேளையில் அவ்வண்டியின் சாரதி தொலைபேசியிற் பேசிக்கொண்டிருந்தார் என்பது விசாரணையில் வெளிவந்தது. தொலைபேசியைக் கையிற் பிடிக்கவில்லை; கை படாமற் பேசும் கருவியே பயன்பட்டது. கை ஓய்வாக இருந்தது உண்மை. ஆனால் கோல் தட்டும் ஓசையைக் கேட்க வேண்டியது கையன்று.

விசாரணை நடத்திய தேசியப் போக்குவரத்துப் பாதுகாப்புச் சபை இன்னொன்றையும் கண்டது. இந்தக் கதையில் எல்லாவற்றிலும் கவனிக்கத்தக்கது அதுதான். கோல் தட்டியது உடனே அறிவிக்கப்பட்டிருந்தாலும் லொறி நின்றிருக்க முடியாது. ஏனெனில் லொறி முன்வண்டியை மிக நெருங்கிச் சென்றுகொண்டிருந்தது.

மணிக்கு 60 மைல் வேகத்திற் செல்லும் வண்டி ஒரு விநாடியில் 88 அடி ஓடும். முன்வண்டிக்கும் லொறிக்கும் இடையே 400 அடி இருப்பதாகக் கொள்ளலாம். சாலையிற் பார்ப்பவருக்கு அது தாராளமான இடைவெளியாகவே தோன்றும். 1865ஆம் ஆண்டுச் சட்டம் கேட்ட 60 யாரைப் போல இரண்டு மடங்குக்கும் மேல். கோல் தட்டுகிறது. முன்வண்டிச் சாரதி அதனைக் கேட்டு, உணர்ந்து, வானொலிக் கருவியில் நிறுத்து என்று சொல்லி முடிக்க இரண்டு விநாடிகள் ஆகின்றன. லொறிச் சாரதி அச்சொல்லைக் கேட்டுத் தன் காலை எடுத்துத் தடுப்பில் வைக்க இன்னும் ஒன்றரை விநாடி. இந்த மூன்றரை விநாடிகளில் லொறி 308 அடி ஓடிவிட்டது. தடுப்போ இன்னும் பிடிக்கத் தொடங்கவில்லை. மீதி 92 அடி. பாரம் ஏற்றிய லொறி அந்த வேகத்திலிருந்து நிற்பதற்குத் தடுப்புப் பிடித்த பின்னும் இருநூறு, முந்நூறு அடி வேண்டும். செங்கொடிக்காரர் காலத்தில் முப்பது விநாடியாக இருந்த அவகாசம், இரட்டிப்பான தூரத்திலே நாலரை விநாடியாகச் சுருங்கியிருக்கிறது. தூரத்தை அளந்தவர்கள் நேரத்தை அளக்க மறந்துவிட்டார்கள் என்றே சொல்ல வேண்டும்.

அப்படியானால் இடைவெளியை ஆயிரம் அடியாக்கிவிடலாமே என்று கேட்கலாம். அங்கேதான் இத்தொழிலின் சங்கடம் இருக்கிறது. இடைவெளி கூடக்கூட, அதற்குள் மற்ற வண்டிகள் புகுந்துவிடும். முன்வண்டி எந்தத் தடத்திற் சென்றது என்பது லொறிச் சாரதிக்குத் தெரியாமற் போகும். கோல் ஒரு தடத்தை அளக்க, பாரம் வேறு தடத்தில் வந்தால் அளந்ததன் பயன் என்ன? ஆகவே இடைவெளி எவ்வளவு என்பதை எல்லா இடத்துக்கும் பொருந்தும் ஒரே எண்ணாக எழுதிவைப்பது அரிது. வேகத்தையும் நெரிசலையும் பார்த்து, இரு சாரதிகளும் பேசித் தீர்மானிக்க வேண்டியதாக அது இருக்கிறது. ஐயமான பாலத்தை நெருங்கும்போது வேகத்தைக் குறைத்தால், அதே 400 அடி மீண்டும் போதுமானதாகிவிடும். மணிக்கு 20 மைல் வேகத்தில் அதனைக் கடக்கப் பதின்மூன்று விநாடிக்கு மேல் ஆகும்.

ஸ்காஜிட் பாலத்திலே கோல் ஒன்று மாத்திரம் தவறவில்லை. வழியை முன்கூட்டியே முறையாக ஆராய்ந்திருந்தால், இடப்புறத் தடத்திற் செல்வதே தகும் என்பது தெரிந்திருக்கும். அந்தத் தடத்தில் அப்பாரம் செல்லப் போதிய இடம் இருந்தது. ஆராயும் பொறுப்பு யாருடையது? அனுமதி வழங்கிய மாநிலம், பாலங்களின் உயரத்துக்குத் தான் உத்தரவாதம் அல்ல என்றும், சுமை கொண்டு செல்பவரே அதனைப் பார்த்துக்கொள்ள வேண்டும் என்றும் பத்திரத்திலேயே எழுதியிருந்தது. எந்தத் தடத்திற் செல்ல வேண்டும் என்பதை அப்பத்திரம் சொல்லவில்லை. பாலத்தின் முன்னே, உயரம் குறைவு என்று எச்சரிக்கும் பலகையும் இருக்கவில்லை. சுமைகாரர் பத்திரத்தை நம்பினார். பத்திரம் சுமைகாரரை நம்பியது. இருவரும் கோலை நம்பினார்கள். ஒன்றையொன்று சார்ந்து நிற்கும் காவல் ஏற்பாடுகளில் இருந்த குறைகளே விபத்துக்குக் காரணம் என்று சபை தீர்ப்புக் கூறியது பொருத்தமானதே. எல்லாப் பழியையும் தொலைபேசியிற் பேசிய ஒருவர்மீது சுமத்திவிட்டு எழுந்து போவது எளிதாக இருந்திருக்கும். சபை அவ்வாறு செய்யவில்லை.

சரிந்த கண்ணுக்குப் பதிலாகத் தற்காலிகப் பாலம் ஒன்று அமைக்கப்பட்டு, ஜூன் 19ஆம் தேதி போக்குவரத்துக்குத் திறக்கப்பட்டது. ஏறக்குறைய ஒரு மாதம் வரை, அந்தப் பெரிய நெடுஞ்சாலையின் வண்டிகள் யாவும் சிற்றூர்களின் தெருக்கள் வழியே ஊர்ந்து சென்றன. பின்னர், செப்டெம்பர் 15ஆம் தேதி நிரந்தரமான கண் திறக்கப்பட்டது. அது கொங்கிறீற்று விட்டங்களின் மேல் அமைந்தது. தலைக்கு மேலே சட்டம் எதுவும் இல்லை. எஞ்சிய பழைய கண்களின் தாழ்ந்த குறுக்குச் சட்டங்களும், ஓரத் தடத்திலும் உயர்ந்த பாரம் செல்லத்தக்கவாறு பின்பு மாற்றியமைக்கப்பட்டன.